பதினொரு ரெடியூசர்கள்

நானும் என் வீட்டுக்காரரும் பேச்சை நிறுத்திய முப்பத்தெட்டாவது நாள், பதினொரு ரெடியூசர்களும் வண்டியில் திரும்பி வந்தன. அத்தனையும் நான் வெட்டி, மடித்து, ஓரத்தை அரத்தால் தேய்த்து, வெட்டுவாயில் ஜிங்க் பெயிண்ட் அடித்து அனுப்பியவை. ஒன்றுகூடப் பொருந்தவில்லையாம்.

கேபிள் ட்ரே என்பது பெரிய கட்டடங்களின் கூரையடியில் கம்பிகளில் தொங்கும் தகரத் தொட்டி. மின்சாரக் கேபிள்கள் அதில் படுத்துக்கொண்டு சொகுசாகப் போகும். அகலமான ட்ரே குறுகலாகும் இடத்தில் ரெடியூசர் வரும். அதன் ஒரு பக்கம் நேராக இருக்கும், மறுபக்கம் சாய்ந்து உள்ளே வரும். எந்தப் பக்கம் சாய்வு என்பதில் கோட்டை விட்டால் துண்டு குப்பைக்குத்தான். கவிழ்த்துப் போடலாமே என்று கேட்கிற புத்திசாலிகள் உண்டு. கவிழ்த்தால் விளிம்பு தரையைப் பார்க்கும், கேபிளும் தரைக்கு வந்துவிடும்.

என் வீட்டுக்காரர் சைட்டில் அளவெடுப்பவர். நான் பட்டறையில் வெட்டுபவள். அவர் சாரத்துப் பலகையில் மல்லாந்து படுத்து, அளவு எழுதும் காகிதச் சீட்டைக் கூரைக்கு நேராகப் பிடித்து, கண்ணுக்குத் தெரிவதை அப்படியே வரைவார். கீழிருந்து பார்த்து வரைந்ததை என் மேசையில் வைத்தால் இடது வலதாகிவிடும், ஏனென்றால் மேசையில் நான் மேலிருந்து பார்க்கிறேன். இது அவருக்குத் தெரியாது. எனக்கு முன்னால் மேசையில் இருந்தவர் இந்தத் தொல்லையால்தான் வேலையை விட்டே போனார். துண்டு தப்பாக வந்தால் வெட்டினவன் தப்பு, அளவு தப்பாது என்பது என் வீட்டுக்காரர் கட்சி.

நான் மேசைக்கு வந்த மாதமே முதல் துண்டு திரும்பி வந்தது. சீட்டைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்துப் பார்த்தேன், விளங்கிவிட்டது. அப்போது கல்யாணமாகி ஆறு மாதம். போய், உங்கள் படம் கண்ணாடியில் பார்த்த மாதிரி இருக்கிறது என்று சொல்ல வாய் வரவில்லை. அன்றிலிருந்து அவர் இடது போட்டால் நான் வலது வெட்டினேன். பதினெட்டு வருஷம். அவர் அளவு பிசகவே பிசகாது என்று ஊரெல்லாம் பேர் வாங்கினார். நானும் பெருமையாகத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன், பொய் சொல்வானேன்.

அப்புறம் என் தங்கை வீட்டு விருந்து. தங்கை புருஷன் சும்மா இருக்காமல், "அண்ணி மெஷின்லயே வேலை பாக்குறாங்களாமே, பெரிய விஷயம்தான்" என்றார்.

"என்ன பெரிய விஷயம்? என் சீட்டு இருந்தா கண்ண மூடிக்கிட்டு வெட்டலாம்" என்றார் என் வீட்டுக்காரர்.

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டு, கை கழுவப் போன இடத்தில் முடிவு செய்தேன். அன்றோடு பேச்சு நின்றது. மாமியார் எங்களுக்கு நடுவே தபால்காரர் ஆனார். "உங்க பிள்ளைகிட்ட சொல்லுங்க, குழாய் ஒழுகுது" என்பேன். பிள்ளை இரண்டடி தள்ளி உட்கார்ந்திருப்பார். சண்டை எதற்கு என்று அவரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. ரெண்டு பேருக்கும் வீம்பு.

இந்த இடைவெளியில் கம்பெனி சைட்டுக்காரர்களுக்கு ஒரு நாள் வகுப்பு வைத்தது. படம் என்றால் மேலிருந்து பார்த்ததாக வரைய வேண்டும் என்று யாரோ பலகையில் போட்டுக் காட்டியிருக்கிறார்கள். இவர் கெட்டிக்காரர், ஒரு முறை சொன்னால் போதும், மறுநாளே மாற்றிக்கொண்டார். பேச்சு இருந்திருந்தால் அன்று ராத்திரி சாப்பிடும்போதே அந்தக் கதையைச் சொல்லியிருப்பார். இல்லாததால் சொல்லவில்லை. அவர் முதன்முதலாகச் சரியாக வரைந்து அனுப்பினார். நான் பழக்க தோஷத்தில் திருப்பி வெட்டினேன்.

சூப்பர்வைசரைப் பட்டறையில் ரசமட்டம் என்பார்கள். எந்தப் பக்கமும் சாயமாட்டார் என்று பெயர். துண்டுகளை வரிசையாகத் தரையில் அடுக்கச் சொல்லி, சீட்டுகளை அவற்றின் தலைமாட்டில் வைத்தார். சைட்டிலிருந்து என் வீட்டுக்காரரையும் வரவழைத்திருந்தார்.

"சீட்டுல இடதுன்னு இருக்கு. நீங்க வலது வெட்டியிருக்கீங்க. ஒண்ணு ரெண்டுன்னா கைத்தவறு. பதினொண்ணுமா?"

நான் கையுறையைக் கழற்றி மேசையில் வைத்தேன்.

"திங்கக்கிழமையிலேருந்து நீங்க ஸ்டோருக்குப் போயிடுங்கம்மா. போல்ட்டு, நட்டு பிரிக்கிற வேலை. மேசைக்கு வேற ஆள் பாத்துக்கிறேன்."

அந்த மேசையில் என் கைப்பட்டு விளிம்பே வழவழப்பாகியிருக்கிறது. தகடு அதில் உட்காரும் சத்தத்திலேயே எத்தனை மில்லி தடிமன் என்று சொல்வேன். போல்ட்டு பிரிக்க நான் என்னத்துக்கு?

மேசைக்கு அடியில் ஒரு தகர டப்பா இருக்கிறது. பழைய சீட்டுகள் எல்லாம் அதில்தான். அதைத் திறந்து, மாட்டி முடித்த கட்டடங்களின் படத்தோடு வைத்துக் காட்டினால் போதும், நான் தப்பித்துவிடுவேன். அவர் மாட்டிக்கொள்வார். டப்பாவைக் காலால் தொட்டுப் பார்த்தேன், குனியவில்லை.

இவர் துண்டுகளைச் சுற்றி ஒரு நடை நடந்தார். ஒரு சீட்டை எடுத்து விளக்குக்கு எதிரே பிடித்து, பின்பக்கமாகப் பார்த்தார். அடுத்த சீட்டையும் அப்படியே பார்த்தார். மூன்றாவதை எடுக்கவில்லை. முப்பத்தெட்டு நாளில் முதல் தடவையாக என் முகத்தைப் பார்த்து நேராகக் கேட்டார்.

"இதுக்கு முன்னாடி எல்லாம் நான் வரைஞ்ச மாதிரியேவா வெட்டின?"

ஆமாம் என்றிருக்கலாம். மேசை போயிருக்கும், அவ்வளவுதான்.

"இல்ல" என்றேன்.

அவர் கையிலிருந்த சீட்டை அதன் இடத்திலேயே வைத்தார். பிறகு ரசமட்டத்திடம் திரும்பினார்.

"சார், அவ மேல தப்பில்ல. இத்தன வருஷமா நான் மாத்திதான் வரைஞ்சிருக்கேன். அவ சரி பண்ணி அனுப்பியிருக்கா. இந்தத் தடவ நான் சரியா வரைஞ்சிட்டேன், அவகிட்ட சொல்லல."

"வீட்டுல சொல்லியிருக்கலாமேப்பா."

"பேச்சு இல்ல சார்."

ரசமட்டம் என்று பேர் வாங்கினவர், அதைக் காப்பாற்றினார். நான் மேசையிலேயே இருக்கலாம், ஆனால் பதினெட்டு வருஷம் தப்பாக வரைந்தவரிடம் சீட்டுப் புத்தகம் இருக்க முடியாது என்றார். இவர் சட்டைப்பையிலிருந்து அதை எடுத்து, செருகியிருந்த பென்சிலோடு கொடுத்துவிட்டார். இனி கூரையில் துளை போட்டு, ஆங்கர் போல்ட்டு அடித்து, ட்ரே தொங்குவதற்கான த்ரெட் ராடு கம்பி மாட்டுகிற வேலை. முப்பது வயதில் இவர் விட்டு மேலே வந்த வேலை.

ஒரு வார்த்தை நான் சொல்லியிருக்கலாம். முதல் துண்டு திரும்பி வந்த அன்றே சொல்லாதது என் தப்பு சார், எங்க ரெண்டு பேரையும் சேர்த்துப் பாருங்க என்று. வாய் வரைக்கும் வந்தது. மேசை வேண்டியிருந்தது எனக்கு.

வீட்டில் பேச்சு மறுபடி ஆரம்பித்தது. மாமியாருக்கு ஏகப்பட்ட சந்தோஷம். இவர் சாயங்காலம் வந்ததும் தலையில் விழுந்த சிமெண்ட் தூளைத் தட்டிவிட்டுக் குளிக்கப் போவார். துளை போடும்போது நாள் முழுக்க அண்ணாந்தே நிற்பதால் கழுத்து பிடித்துக்கொள்கிறது, நான்தான் தைலம் தேய்த்து விடுகிறேன். விருந்தில் பேசினதைப் பற்றி அவர் ஒன்றும் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை, அது தானாகவே விளங்கியிருக்கும்.

பத்து நாள் கழித்து, தைலம் தேய்க்கும்போது, முதுகைக் காட்டியபடியே கேட்டார்.

"புது ஆளு சீட்டெல்லாம் எப்படி இருக்கு?"

"சரியா இருக்கு."

"திருப்பிப் போட வேண்டியதில்லயா?"

"வேண்டியதில்ல."

"நல்லதுதான். உனக்கு வேலை மிச்சம்."

அவர் சும்மா சொல்லவில்லை, மனசாரத்தான் சொன்னார். தேய்ப்பதை நிறுத்தினால் திரும்பி என் முகத்தைப் பார்ப்பார் என்று பயந்து, தைலம் காய்ந்த பிறகும் தேய்த்துக்கொண்டே இருந்தேன்.