நார்மன் டிங்லி உயிரோடு பேசிய படம்

நார்மன் டிங்லி ஐம்பது வயதுக்குள் முப்பது தடவைக்கு மேல் செத்திருந்தார். ஒவ்வொரு தடவையும் சாயங்காலத் தேநீருக்கு வீட்டுக்கு வந்துவிட்டார். இங்கிலாந்தின் போரம்வுட் ஸ்டூடியோக்கள் கொலைப் படங்களாக எடுத்துத் தள்ளிய காலம் அது. கம்பளத்தின் மேல் குப்புறக் கிடக்கும் பிணம் என்றால் டிங்லிதான். இயக்குநர் ‘ஆக்‌ஷன்’ என்றதும் மூச்சு நிற்கும், கை சில்லிடும். ‘கட்’ என்றதும் எழுந்து கால்சட்டையைத் தட்டிவிட்டுக்கொள்வார். ஸ்டூடியோ மருத்துவர் முதல் படத்தில் மட்டும் பதறி ஓடிவந்தார். பிறகு அவரும் செய்தித்தாளிலிருந்து தலையை எடுப்பதில்லை. டிங்லிக்கு ஒரே ஒரு குறை: படத்தின் முடிவில் வரும் பட்டியலில் பேசியவர்களுக்குத்தான் பெயர். பிணங்களுக்குப் போடும் வழக்கமில்லை.

“உன் வீட்டுக்காரர் எந்தப் படத்துல வர்றார்னு அக்கா கேக்கறா,” என்றாள் மனைவி எனிட். “முதுகைப் பாத்துக் கண்டுபிடிச்சுக்கோன்னா சொல்ல முடியும்?”

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்துமூன்றில் ஒரு நடிகருக்கு அம்மை போட்டதால், ராலின்ஸ் என்ற இயக்குநர் டிங்லியை இன்ஸ்பெக்டராக்கினார். ஒரே வசனம்: “இந்த இடத்தை விட்டு யாரும் போகக் கூடாது.” ‘ஆக்‌ஷன்’ என்றதும் டிங்லி பழக்கதோஷத்தில் பொத்தென்று விழுந்து செத்தார். மறுபடியும் செத்தார். மூன்றாவது தடவை, ஏற்கெனவே கிடந்த பிணத்தின் மேலேயே விழுந்தார், பிணம் அலறியது.

“யோவ், ஒரு படத்துக்கு ஒரு பிணம் போதும்யா!” என்று கத்தினார் ராலின்ஸ். “நாளைக்கு உயிரோட பேசு. இல்லேன்னா வேற ஆளைப் பாத்துக்கறேன்.”

மறுநாள் எனிட்டே ஸ்டூடியோவுக்கு வந்தாள். “கட்டுன்னா எழுந்துக்கறாரில்ல? எழுந்துக்கறப்ப படம் புடிங்களேன்.”

‘கட்’ சொன்னபின் கேமரா ஓடுவது தொழிற்சங்க விதிக்கு விரோதம். கூட்டம் போட்டு, கை தூக்கி, இந்த ஒரு தடவைக்கு அனுமதித்தார்கள். ‘ஆக்‌ஷன்’ சொல்லி டிங்லியைச் சாகடித்தார்கள். ‘கட்’ சொல்லி எழுப்பினார்கள். செத்துப் பிழைத்த சூட்டோடு அவர் வசனத்தைச் சொன்னார். மறுத்துப் பேச இடமில்லாத குரல்.

அந்த ஊரில் படம் முடிந்ததும் ராணியை வாழ்த்தும் தேசியகீதத்தைப் போடுவார்கள். பாட்டு ஆரம்பித்துவிட்டால் அசையாமல் நிற்க வேண்டும். அதனால் பெயர்கள் வரும்போதே ஜனம் முண்டியடித்து வெளியே ஓடிவிடும். படம் வெளியான சனிக்கிழமை, திரையில் டிங்லி வசனத்தைச் சொன்னபின் யாரும் ஓடவில்லை. கதவுகள் திறந்தே இருந்தன. பெயர்கள் வந்தன, டிங்லியின் பெயரும் வந்தது, பாட்டு வந்தது, எழுந்து நின்றார்கள், பிறகு மறுபடி உட்கார்ந்தார்கள். புரொஜெக்டர் ஓட்டுபவராலும் வெளியே போக முடியாததால், சும்மா இருப்பானேன் என்று கடைசி ரீலைத் திரும்பத் திரும்ப ஓட்டினார். ஐஸ்கிரீம் தீர்ந்துபோனது.

எட்டாவது வரிசையில் எனிட் கணவனை முழங்கையால் இடித்தாள். “போதும், போகச் சொல்லுங்க. பஸ் போயிடும்.”

“இரும்மா,” என்றார் டிங்லி. “பின்னாடி ஒருத்தர் இப்பத்தான் கண்ணாடியத் தொடச்சுப் போட்டுக்கறார்.”