மிச்சம் வந்த விளக்கு

புருஷன் உடலைக் குளிப்பாட்ட வசந்தி தண்ணீர் எடுத்து வைத்துக்கொண்டிருந்தபோதுதான் கொழுந்தன் இசக்கிதுரை செல்போனை நீட்டினான்.

"காலையில அண்ணன் எப்படிச் சிரிக்காரு பாருங்க மைனி. 'நான் செத்தா எவன் மாலை போடப்போறான், நானே போட்டுக்கிடுதேன்'னு சொல்லி விளக்கையும் ஏத்துனாரு. சாயா குடிக்க உக்காந்தவரு அப்படியே நெஞ்சைப் பிடிச்சுட்டாரு."

வசந்தி பார்த்தாள். செல்போனில் கண்காட்சிச் சுவரும் ஒரு பெரிய போட்டோவும். அதில் இளந்தாரியாக அவள் புருஷன் சுடலைமணி, தோளில் மூன்று வயது மகா. பக்கத்தில் இன்று காலைச் சுடலைமணி பல்லைக் காட்டிக்கொண்டு நின்றான். போட்ட மாலை அப்பன், மகள் இருவர் தலையையும் சுற்றிக் கிடந்தது. கீழே விளக்கு எரிந்தது.

பாவி மனுஷா, விளையாட்டுக்கும் ஒரு அளவில்லையா? உயிரோடு இருக்கிற பிள்ளையையும் சேர்த்தல்லவா வைத்துவிட்டாய்!

மூலையில் அழுதுகொண்டிருந்த மகா இருமினாள். நர்சிங் படிக்கிற பெண். அந்த இருமலே வசந்திக்குத் திக்கென்றது. எழுந்து வெளியே நடந்தாள்.

"மைனி, பொணத்தைப் போட்டுட்டு எங்க போறீக?"

அவள் நிற்கவில்லை. போட்டோ மாட்டியிருந்த கிடங்கைப் பார்த்து நடந்தாள்.

வருஷா வருஷம் அந்தப் பழைய மிளகுக் கிடங்கில்தான் ஓவியக் கண்காட்சி. முதல் வருஷம் பொருட்காட்சி என்று நினைத்துக் அவள் குடியிருக்கும் கொச்சங்காடிப் பெண்கள் பிளாஸ்டிக் வாளி வாங்கப் போய், படங்களைப் பார்த்துவிட்டு வெறுங்கையோடு திரும்பினார்கள். வசந்தியும் போனவள்தான். பிறகு வெளிநாட்டுக்காரர்கள் வந்தார்கள், வாசலில் சாயாக்கடை வந்தது. நோய் பரவிய காலத்தில் மட்டும் கதவு திறக்கவில்லை. மற்றபடி படம் சுமந்ததும் சாரம் கட்டியதும் சுடலைமணிதான். இந்தத் தடவை கண்காட்சியின் கதையையே கண்காட்சியாக வைத்திருந்தார்கள், ஆள் உயரத்துக்குப் பழைய போட்டோக்கள், அதில் ஒன்று சுடலைமணியும் மகாவும். இறந்துபோன ஓவியர்களின் படங்களுக்கு மாலையும் விளக்கும் வைக்கச் சொல்லியிருந்தார்கள். மிச்சம் வந்ததைத்தான் அவன் தனக்கு வைத்துக்கொண்டான்.

பொறுப்பாளர் ஹரிநாராயணன், பாலக்காட்டுக்காரர், பதறி ஓடிவந்தார். "நீங்க எதுக்கு இப்போ வந்தேள்? நானே அங்கே வரணும்னு இருந்தேன்."

"மாலையை எடுங்க சார். எம் பிள்ளை உசிரோட இருக்கா."

அவர் முகம் மாறியது. "அய்யோ, சுடலை சும்மா தமாஷுக்கு..." மாலையைக் கழற்றினார். விளக்கை அணைக்கக் குனிந்து வாயைக் குவித்தார்.

"ஊதாதீங்க!"

கிடங்கே திரும்பிப் பார்த்தது.

"அவருக்கு எரிஞ்சது எரிஞ்சு போச்சு. இனி அதுல எரியுறது எம் புள்ளை உசிருல்லா. எண்ணெய் இருந்தாக் கொடுங்க சார், உங்களுக்குப் புண்ணியமாப் போகும்."

அவர் எண்ணெய்ப் பாட்டிலைக் கொண்டுவந்து வைத்தார். திறந்த கதவு வழியே காயல் காற்று வந்தது. சுடர் படுத்து எழுந்தது. வசந்தி தரையில் உட்கார்ந்து இரண்டு கைகளாலும் மறைத்தாள். இப்படியே எத்தனை நாள் காப்பாய் என்று அவள் மனசே கேட்டது.

மகா மூச்சிரைக்க வந்து நின்றாள். "எல்லாரும் தேடுறாங்கம்மா. இருட்டுறதுக்குள்ள எடுக்கணுமாம். வா."

"நீ போ. அப்பாவுக்கு வாய்க்கரிசி போட நீதான இருக்க."

"நீ முகம் பார்க்க வேண்டாமா?"

"காத்து அடிக்குல்லா."

"வெறும் விளக்கும்மா இது."

"இருக்கட்டும். போ, மக்கா. பாலம் பக்கம் போகாத. ஓரமாப் போ."

மகா அழுதுகொண்டே போனாள். அவள் தலை மறையும்வரை வசந்தி பார்த்தாள்.

படம் பார்க்க வந்த ஒரு ஜோடி அவளருகே நின்றது. இதுவும் கண்காட்சியில் ஒன்று என்று நினைத்திருப்பார்கள். இரண்டடி பின்னால் போய், சத்தம் போடாமல் போட்டோ எடுத்தார்கள்.

கொச்சங்காடிப் பக்கமிருந்து சங்குச் சத்தம் கேட்டது. வசந்தி ஒரு கையால் சுடரை மறைத்துக்கொண்டு, மறு கையால் எண்ணெய் விட்டாள்.