மெக்கானிக் போட்ட ஜூஸ்

யார் வீட்டு ஏசி நின்றாலும் பறந்தடித்துக்கொண்டு போய்ச் சரிசெய்பவன் நான். என் வீட்டு ஏசி மட்டும் வெயில் தொடங்கியதிலிருந்து மூச்சு விடவில்லை. "வர்ற ஞாயித்துக்கிழமை பாத்துடறேன்" என்று நான் சொன்ன ஞாயிறுகள் வரிசையாகப் போய்ச் சேர்ந்தபின் மனைவி என்னோடு பேசுவதையே நிறுத்திவிட்டாள். சண்டை போட்டாலாவது பதிலுக்கு ஏதாவது சொல்லலாம். இவள் தட்டை மேஜையில் வைக்கும் சத்தத்திலேயே எல்லாவற்றையும் முடித்துவிடுகிறாள். வெயிலைக்கூடத் தாங்கிக்கொண்டேன், அந்த மௌனத்தைத் தாங்க முடியவில்லை.

இந்த ஞாயிறு ஏசியைக் கழற்றியிருக்கலாம். புத்தியுள்ளவன் அதைத்தான் செய்திருப்பான். நானோ, அவள் துணி காயப்போட மாடிக்குப் போன நேரம் பார்த்து, ஜூஸ் போட்டு அவள் மனதைக் குளிரவைக்கச் சமையலறைக்குள் புகுந்தேன்.

தர்பூசணியை வெட்டி, விதைகளைக் கத்தி முனையால் நெம்பி எடுத்து, மிக்ஸியில் அடித்து வடிகட்டினேன். எலுமிச்சம்பழங்களை உள்ளங்கையால் மேஜையில் உருட்டி, சாறு பிழிந்து கலந்தேன். சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு, கொஞ்சம் கசக்கிய புதினா. ருசி பார்த்தபோது எனக்கே நம்ப முடியவில்லை. தப்பான தொழிலுக்கு வந்துவிட்டேனோ என்று தோன்றியது.

அதோடு நிறுத்தியிருந்தால் அது நானாக இருக்க முடியாது. ஜில்லென்று கொடுக்க வேண்டுமே! ஐஸ் போட்டால் நீர்த்துவிடும். பெரிய பிளாஸ்டிக் பாட்டிலில் வாய்வரை ஊற்றி, ஃப்ரீசரில் திணித்தேன். பாட்டிலில் அடங்காத அரை டம்ளரை மேடையில் வைத்துவிட்டு, சற்றுக் கண்ணயர்ந்தேன்.

விழித்தபோது சாயங்காலம். தோலும் சக்கையும் இருந்த இடம் பளிச்சென்று இருந்தது. டம்ளரைக் கழுவிக் கவிழ்த்திருந்தாள். காய்ந்த துணியை எடுக்க மறுபடி மாடிக்குப் போயிருந்தாள்.

ஃப்ரீசரைத் திறந்தேன். பாட்டில் வயிறு உப்பி, இரண்டு பக்கச் சுவரையும் கெட்டியாகப் பிடித்திருந்தது. நிரப்பிய பாட்டிலை ஃப்ரீசரில் வைக்காதீர்கள் என்று போகிற வீடெல்லாம் பாடம் எடுப்பவன் நான். இழுத்தேன், திருகினேன், அசையவில்லை. ஸ்க்ரூடிரைவரை இடுக்கில் விட்டு நெம்பினேன். அதைச் செய்யாதீர்கள் என்பதுதான் என் அடுத்த பாடம்.

புஸ்ஸென்று ஒரு சத்தம். உள்ளே குழாயில் ஓட்டை விழுந்து கேஸ் வெளியேறும் சத்தம் அது. எத்தனையோ வீடுகளில் இப்படிக் குத்திவிட்டவர்களிடம் "யாருங்க இதக் குத்தினது?" என்று இளக்காரமாகக் கேட்டிருக்கிறேன். ராத்திரி சாப்பிடும்போது அதை மனைவியிடம் நடித்துக் காட்டிச் சிரித்தும் இருக்கிறேன்.

அவசரமாக ஜன்னலைத் திறந்துவிட்டுத் திரும்பினால், துணிக்கூடையோடு அவள் வாசற்படியில் நிற்கிறாள். ஃப்ரீசரைப் பார்த்தாள். என் கையைப் பார்த்தாள்.

"யாருங்க இதக் குத்தினது?"

அதே இழுப்பு, அதே இளக்காரம். பேசிவிட்டாளே என்று மகிழ்வதா, பேசியதைக் கேட்டு அழுவதா என்று தெரியவில்லை.

"நான்தான்," என்றேன்.

கூடையை வைத்துவிட்டுப் போனை எடுத்துக்கொண்டு உள் அறைக்குப் போனாள். கொஞ்ச நேரத்தில் என் போன் அடித்தது. நான் வேலை பார்க்கும் சர்வீஸ் கடையின் முதலாளி.

"உங்க வீட்டம்மா கம்ப்ளெயின்ட் குடுத்திருக்காங்க. ஏசி, ஃப்ரிட்ஜ் ரெண்டும். நாளைக்கு வேற ஆள அனுப்பறேன். நீங்க எதையும் தொடக் கூடாதாம்."

"சரிங்க." மானம் போன குரல் எப்படி இருக்கும் என்று அப்போதுதான் கேட்டேன்.

"வர்ற ஆளுக்கு ஜூஸ் மட்டும் நீங்க போட்டுக் குடுப்பீங்கன்னாங்க. அவ்வளவு நல்லா இருந்துச்சாமே?"

கவிழ்த்து வைத்திருந்த டம்ளரைப் பார்த்தேன்.

"எலுமிச்சம்பழம் தீந்துபோச்சு," என்று உள்ளேயிருந்து அவள் குரல் வந்தது. "கடை மூடறதுக்குள்ள வாங்கிட்டு வந்துடுங்க."