ஆற்றைப் பார்த்து நடந்தவள்

"அண்ணே, நம்ம ஆத்துல எடுத்தாகள்ல, அந்த ஊமைப்படம் கம்பத்துக்கு வந்திருக்கு. அதுல நானும் மதினியும் இருக்கோம்" என்றாள் தங்கை ராமுத்தாய்.

கோட்டைச்சாமி பிசைந்த சோற்றை வைத்துவிட்டு எழுந்தான். அவன் மனைவி சந்தனம்மாள் காய்ச்சலில் போய் எட்டு மாதம். வீட்டில் அவளுடைய போட்டோ ஒன்றுகூடக் கிடையாது. மூக்குத்தி எந்தப் பக்கம் என்று நேற்று அவனுக்கே சந்தேகம் வந்துவிட்டது.

போன தை மாதம் சென்னையிலிருந்து ஒரு கம்பெனி வந்தது. உடைந்த கரை நிற்பதற்காக வெள்ளத்தில் இறங்கிய கன்னியின் கதையை எடுத்தார்கள். உள்ளூர்ப் பெண்கள் குடத்தோடு கரையில் நடக்க வேண்டும். சந்தனம்மாளுக்குக் கொள்ளை ஆசை. கண்ட கண்ட ஊர்க்காரனும் அவள் முகத்தைப் பார்ப்பான் என்பது கோட்டைச்சாமிக்குப் பிடிக்கவில்லை. மதுரையில் காலேஜ் படித்தவன், அதைச் சொல்ல வெட்கப்பட்டான். படம் பிடித்தால் ஆயுசு குறையும் என்று ஊரார் சொல்வதைக் கேட்டுச் சிரிக்கிறவன், அன்று அதையே எடுத்துச் சொன்னான்.

"நீங்களா இதச் சொல்றீக?"

"போறதுன்னா போ. படம் பிடிக்கிற பொட்டிப் பக்கம் மட்டும் திரும்பாத."

கம்பத்தில், படம் ஓடும் கூடாரத்தில் கதை சொல்லும் ஆள் பிரம்போடு திரையருகே நின்றான். "கன்னிக்குத் தண்ணி சுமந்து வாராக பாருங்க."

"ஏலே, நம்ம பொன்னாத்தாடா" என்று யாரோ கத்தினான். பார்க்கக் கூடாது என்று கம்பெனிக்காரர்கள் சொல்லியும் எல்லாப் பெண்களும் பெட்டியையே பார்த்து நடந்தார்கள். ராமுத்தாய் வாய் நிறையச் சிரித்தாள். அவளுக்குப் பின்னால் சந்தனம்மாள் வந்தாள். முகம் முழுக்க ஆற்றுப் பக்கம். கொண்டையும் பிடரியும் இடுப்புக் குடமும் தெரிந்தன.

"கடைசி ஆத்தா மூஞ்சியக் காட்ட மாட்டாளாம். புருசன் மேல கோவம் போல" என்றான் பிரம்புக்காரன்.

கூடாரம் சிரித்தது. அதற்குள் கரை உடைந்தது. கன்னி வெள்ளத்தில் இறங்கினாள். பெண்கள் குலவை போட்டு, திரைக்கு முன்னால் சூடம் கொளுத்தினார்கள்.

திரும்பும் வழியில் ராமுத்தாய் கேட்டாள்: "மதினி ஏண்ணே அப்படித் திரும்பிக்கிருச்சு? அன்னைக்கே கேட்டேன். சிரிச்சிட்டுப் போயிருச்சு."



மறுநாள் கோட்டைச்சாமி தனியே கூடாரத்துக்குப் போனான். கூட்டத்தோடு உட்காராமல் திரைக்குப் பின்னால் போய் நின்றான். நனைத்த துணியில் படம் அந்தப் பக்கமும் தெரியும். பலன் இராது என்று தெரிந்தேதான் நின்றான். முதல் நாள் இடமிருந்து வலமாகப் போனவள் இன்று வலமிருந்து இடமாகப் போனாள். இங்கும் ஆற்றைப் பார்த்தபடிதான்.