நம்பர் போட்ட போசி

"ஏனம்மிணி, போசி எங்க?" என்று பெரியப்பா மாரப்பன் வாசலில் நின்று மறுபடியும் கேட்டபோது, கயல்விழி அடுக்களை மூலையில் குந்தி அந்தத் தூக்குப் பாத்திரத்தைத்தான் தேய்த்துக்கொண்டிருந்தாள். வெளியே, மில் லைன் வீடுகளின் குழாயடியில், அவள் அப்பா வெள்ளியங்கிரியைப் பெஞ்சில் கிடத்தித் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார்கள். விடியற்காலம் இருமிக்கொண்டே எழுந்து உட்கார்ந்த மனுசன், சுவரில் சாய்ந்தபடியே அடங்கிவிட்டார். பஞ்சுத் தூசி குடித்த நெஞ்சு. சிங்காநல்லூரில் அந்த மாதிரி நெஞ்சு வீட்டுக்கு ஒன்று இருந்தது.

அவர்களுக்குப் பூர்வீகம் அந்தியூர்ப் பக்கம். அங்கே அவர்கள் சனத்தில் ஒரு வழக்கம். ஆம்பிளை செத்தால், அவன் வேலைக்குச் சோறு கொண்டுபோன பாத்திரத்தைக் குழியின் தலைமாட்டில் கவிழ்த்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் வந்துவிடுவார்கள். அதைத் தேய்த்துக் கொடுப்பது பெற்ற பெண்ணின் வேலை. பெண் பி.காம். படித்து டைப்ரைட்டிங் ஹையர் முடித்திருந்தாலும் அந்த வேலை அவளுடையதுதான். மண்ணுக்குள் போவதற்கு எதற்கடா பளபளப்பு என்று அவளுக்குக் கோபமாக வந்தது. அழுகை வரவேண்டிய இடத்திலெல்லாம் அவளுக்குக் கோபம்தான் வரும். விவரம் தெரிந்த நாளிலிருந்தே அப்படி.

சாம்பலைத் தொட்டு அழுத்தித் தேய்த்தபோது, போசியின் வயிற்றில் இருந்த புள்ளிகள் விரலில் நெருடின. கழுவி ஊற்றிவிட்டுப் பார்த்தாள். W/4736/92. அதற்குக் கீழே 17-6-92.

கை அப்படியே நின்றுவிட்டது.

அது அவளுடைய நம்பர். வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பெயர் பதிந்த நம்பர். காலேஜ் முடித்த கையோடு அவளைப் பதியக் கூட்டிப்போனவர் அப்பாதான். அரை ஷிப்டுக்கு லீவு போட்டுவிட்டு, உள்ளே வரக் கூச்சப்பட்டு, வெளியே வேப்பமரத்தடியில் நின்றார். அட்டையை வாங்கிக்கொண்டு அவள் வந்ததும் நேராகப் பாத்திரக் கடைக்குப் போய் ஒரு எவர்சில்வர் தூக்குப்போசி எடுத்தார். யார் பேர் வெட்டுவது என்று கடைக்காரர் கேட்க, மகளுடைய அட்டையை நீட்டி, இந்த நம்பரையும் தேதியையும் வெட்டுங்கள், பேர் வேண்டாம் என்றார். கடைக்காரர் சிரித்தார். கயல்விழிக்கு மானம் போயிற்று. இது வேலை இல்லை, வெறும் பதிவு, லட்சம் பேர் பதிந்துவிட்டு வீட்டில் குந்தியிருக்கிறார்கள் என்று நடுரோட்டில் கத்தினாள். அவர் போசியைத் தட்டித் தட்டிச் சத்தம் கேட்டுக்கொண்டே வந்தார்.

"வரிசையில நம்பர் உழுந்துருச்சுன்னா எவனும் நம்மள நகத்த முடியாது கண்ணு" என்றார்.

அவர் அப்படிச் சொன்னதற்குக் காரணம் இருந்தது. மில்லில் சேர்ந்த புதிதில் அவர் தன் சோற்றைப் பஞ்சுக் குடோன் ஓரம் தரையில்தான் வைத்துக்கொள்வார். சாப்பாட்டுக் கொட்டகை அலமாரியில் வைத்தால், மணி அடித்துப் போய்ப் பார்க்கும்போது அது கீழே இருக்கும். எடுத்து வைத்தது யார் என்று கேட்கிற சாதியில் அவர் பிறக்கவில்லை. பிறகு யூனியன்காரர்கள் சண்டை போட்டு, அலமாரியில் டோக்கன் நம்பர் எழுத வைத்தார்கள். அதற்கப்புறம் அவருடைய நம்பருக்கு நேராக அவருடைய பாத்திரம் இருந்தது. அவ்வளவுதான். அந்த மனுசனுக்குச் சாமியைவிட நம்பர்மேல் நம்பிக்கை வந்துவிட்டது.

அந்த நம்பிக்கைதான் அட்டையையும் கெடுத்தது. மூன்று வருசத்துக்கு ஒருமுறை அட்டையைப் புதுப்பிக்க வேண்டும். பின்பக்கம் ஆபீஸ் முத்திரை விழ வேண்டும். அவருக்கு அது தெரியாது. அட்டை நைந்துபோகிறதே என்று, அவளிடம் சொல்லாமல் எடுத்துக்கொண்டு போய் லேமினேஷன் செய்துவிட்டு வந்து, தண்ணியில் போட்டாலும் ஒன்றும் ஆகாது, கடைக்காரன் உத்தரவாதம் சொல்லியிருக்கிறான் என்று பெருமையாக நீட்டினார். பிளாஸ்டிக்மேல் முத்திரை எப்படி விழும்? அவள் பிளேடு வைத்து உரித்தாள். பிளாஸ்டிக்கோடு பேரும் நம்பரும் தோல் மாதிரி உரிந்து கிழிந்து வந்தன. அன்றைக்கு அவள் போட்ட சத்தத்தில் லைன் வீடே வாசலுக்கு வந்தது.

மாற்று அட்டைக்கு எழுதிக் கொடுத்து, வரும் வரும் என்று பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில்தான் தற்காலிகத் தட்டச்சர் வேலைக்குப் பட்டியல் போட்டார்கள். அவள் வரிசை வந்திருந்தது. அந்தப் பிரிவில் இருந்த சாஜிதா பேகம் என்ற கிளார்க் அம்மாள் வெள்ளிக்கிழமை தீர்த்துச் சொல்லிவிட்டார். நம்பரை யார் வேண்டுமானாலும் சொல்லலாம். அடுத்தவள் நம்பரை மனப்பாடம் பண்ணிக்கொண்டு வந்தவளையும் பார்த்தாயிற்று. மாற்று அட்டை வருகிற வரைக்கும், நம்பர் பதிந்த பழைய ஆதாரம் ஏதாவது ஒன்று வேண்டும். திங்கட்கிழமை மதியத்துக்குள் காட்டாவிட்டால் அடுத்த பேர் ஏறிவிடும்.

சனியும் ஞாயிறும் அவள் பெட்டி பெட்டியாகத் தேடினாள். காகிதமாகத் தேடினாள். ஒன்றும் கிடைக்கவில்லை. அப்பா கயிற்றுக் கட்டிலில் இருமிக்கொண்டே அவள் தேடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தார். என்ன தேடுகிறாய் என்று கேட்க அவருக்குப் பயம். போசி அவர் தலைமாட்டில்தான் இருந்தது. தினமும் கண்ணில் பட்டுப் பட்டு அவளுக்கு அது வெறும் பாத்திரமாகிவிட்டிருந்தது.

இன்றைக்குத் திங்கட்கிழமை.

கயல்விழி போசியைப் புடவைத் தலைப்பில் துடைத்தாள். மஞ்சப்பையில் போட்டுக்கொண்டு வாசலுக்கு வந்தாள்.

"பெரீப்பா, ஆபீஸ் வரைக்கும் போய்ட்டு வந்தர்றேன். அதுவரைக்கும் தூக்க வேண்டாம்."

மாரப்பனுக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் துண்டை உதறினார். பொணத்தைப் போட்டுவிட்டுப் பெற்ற பிள்ளை படி இறங்குவதை எங்கேயாவது பார்த்ததுண்டா என்று கூடியிருந்தவர்களையும் சேர்த்துக் கேட்டார். படிக்க வைத்தால் இதுதான் என்றது ஒரு குரல். ஊரிலிருந்து வந்த சனம் சாயங்காலப் பஸ்ஸைப் பிடிக்க வேண்டும் என்றது இன்னொன்று.

"பஸ்ஸு நாளைக்கும் வரும். இந்த லிஸ்ட்டு வராது" என்றாள் கயல்விழி.

"போறவ போ. போசிய வெச்சுட்டுப் போ. அது அவனோட போகோணும்."

"போசியத்தான் பெரீப்பா கொண்டுபோறேன். அதுலதான் நம்பரு இருக்குது."

அம்மா சின்னாத்தாள் புருசனின் கால்மாட்டில் உட்கார்ந்திருந்தாள். காலையிலிருந்து அவள் வாய் திறக்கவில்லை. தலையைத் தூக்காமலே, "போய்ட்டு வரட்டும்" என்றாள். "ரெண்டு ஷிப்டு ஒண்ணாப் பாத்தவரு. செத்த நேரம் படுத்திருந்தா ஒண்ணும் ஆயிராது."

டவுன் பஸ்ஸில் அவளுக்கு உட்கார இடம் கிடைத்தது. மடியில் மஞ்சப்பை. பக்கத்தில் இருந்த அம்மாள் சோறா கண்ணு என்று விசாரித்தாள். ஆமாங்க என்று சொல்லிவிட்டாள். தலைவிரி கோலமாக இருப்பது அப்போதுதான் நினைவுக்கு வந்து, முடியை அள்ளிக் கொண்டை போட்டுக்கொண்டாள்.

சாஜிதா பேகம் மேசையில் பட்டியலைப் பரப்பி வைத்து அடிக்கோல் வைத்துக் கோடு இழுத்துக்கொண்டிருந்தார். கண்ணாடிக்கு மேலாக இவளைப் பார்த்தார். அட்டை வந்துவிட்டதா என்று கேட்டார். இல்லை என்றாள். அப்புறம் எதற்கு வந்தாய் என்பதுபோலக் கோட்டைத் தொடர்ந்தார். கயல்விழி போசியை எடுத்துப் பட்டியலுக்குப் பக்கத்தில் வைத்தாள்.

"என்னம்மா இது? சாப்பாடா?"

"நம்பருங்க."

அந்த அம்மாள் போசியைத் திருப்பிப் பார்த்தார். கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு படித்தார். மறுபடியும் படித்தார். பக்கத்து மேசைக்காரர் எட்டிப் பார்த்து, இப்படியே போனால் நாளைக்கு ஆட்டுக்கல்லைத் தூக்கிக்கொண்டு வருவார்கள் மேடம் என்று சிரித்தார். கயல்விழி அவரைப் பார்த்த பார்வையில் சிரிப்பு பாதியில் நின்றது.

"இத நேத்துக்கூட வெட்டீருக்கலாமே" என்றார் சாஜிதா பேகம்.

"தடவிப் பாருங்க."

தடவிப் பார்த்தார். சன்னலோரம் கொண்டுபோய் வெளிச்சத்தில் பிடித்தார். புள்ளிகளுக்குள் சாம்பலும் புளியும் ஏறிக் கறுத்துக் கிடந்தன. சில புள்ளிகள் தேய்ந்து மழுங்கியிருந்தன. மூன்று வருசம் தினமும் தேய்த்தால் ஒழிய ஒரு பாத்திரம் அப்படி ஆகாது. அதைப் பாத்திரம் தேய்க்கிற பெண்பிள்ளைக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. அந்த அம்மாள் எழுந்து போய், மர டிராயரை இழுத்து, அட்டைகளை விரலால் தள்ளித் தள்ளி ஒன்றை உருவிக்கொண்டு வந்தார். ஆபீஸ் அட்டை. போசியையும் அட்டையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். நம்பர் ஒன்று. பதிந்த தேதியும் ஒன்று.

"யாரு வெட்டுனது?"

"எங்கப்பாங்க."

"நல்ல ஆளுதான்" என்று சொல்லிவிட்டு, பென்சிலை எடுத்துப் பட்டியலில் அவள் பேரை எழுதினார். பென்சிலால்தான் எழுதினார். ஆதாரம் என்ற இடத்தில் என்ன போடுவது என்று கொஞ்ச நேரம் யோசித்து, 'பதிவு எண் பொறித்த பழைய பொருள்' என்று போட்டார். பிறகு விவரம் சொன்னார். ஆபீசர் கலெக்டர் ஆபீஸ் மீட்டிங்குக்குப் போயிருக்கிறார். சாயங்காலம் வந்து கண்ணால் பார்த்துக் கையெழுத்துப் போட்டால்தான் பென்சில் மையாகும். பாத்திரம் இங்கேயே இருக்க வேண்டும். நாளைக்கு வந்து வாங்கிக்கொள்ளலாம்.

"வெச்சுட்டுப் போக முடியாதுங்க. இது எங்கப்பாகூடப் போகோணும்."

"எங்க போறாரு?"

"குழிக்குங்க. காலைல இறந்துட்டாரு."

சாஜிதா பேகத்தின் கையில் இருந்த பென்சில் மேசையில் படுத்தது. அந்த அம்மாள் அவளுடைய கசங்கிய புடவையையும், விரல் இடுக்கில் ஒட்டியிருந்த சாம்பலையும் அப்போதுதான் பார்த்தார்.

"என்னால இத மாத்த முடியாதும்மா" என்றார் மெதுவாக. "அவரு பாக்காம கையெழுத்துப் போட மாட்டாரு. எடுத்துட்டுப் போறதுன்னா போ. நான் தப்பு சொல்ல மாட்டேன்."

கயல்விழி போசியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பெரியப்பாவின் துண்டு உதறல் கண்ணில் வந்தது. வழக்கம் வந்தது. இது இல்லாமல் போனால் அந்தப் பக்கத்தில் அப்பா எதில் சாப்பிடுவார் என்ற நினைப்பும் வந்தது. அதையெல்லாம் அவள் நம்புகிறவள் இல்லை, இருந்தாலும் வந்தது. கூடவே வேப்பமரத்தடியில் நின்ற ஆளும் வந்தார்.

"இருக்கட்டுங்க" என்றாள். பிறகு, தானே முந்திக்கொண்டு, வேண்டுமென்றே கடுப்பாக, "எழவு ஊட்டுப் பாத்திரம். கீழ எங்கயாச்சு வெச்சுக்குங்க" என்றாள்.

"கீழ வெச்சா பூனை உருட்டிப் போட்டுரும்" என்றார் சாஜிதா பேகம்.

போசியைக் கைப்பிடியோடு தூக்கிக்கொண்டு போனார். சுவரோரம் ஒரு மர அலமாரி. அதன் நடுத்தட்டில் ஆபீஸ்காரர்களின் சாப்பாட்டுக் கேரியர்கள் வரிசையாக நின்றன. இரண்டைக் கொஞ்சம் நகர்த்தி இடம் பண்ணி, நடுவில் போசியை வைத்தார். நம்பர் வெளியே தெரிகிற மாதிரித் திருப்பி வைத்தார்.

கயல்விழி கும்பிடு போடக்கூட மறந்து வெளியே வந்தாள். பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டாள். பஸ் சிங்காநல்லூர் குளத்தைத் தாண்டுகிறவரை அவள் முகத்தை யாரும் பார்க்கவில்லை.

வீட்டுக்கு வந்தபோது பாடை கட்டி முடித்திருந்தது. அப்பாவுக்குப் பொங்கலுக்கு எடுத்த வேட்டியைக் கட்டியிருந்தார்கள். நெற்றியில் ஒரு ரூபாய்க் காசு. பெரியப்பா கையை நீட்டிக்கொண்டே எதிரே வந்தார்.

"எங்க அம்மிணி போசி?"

"ஆபீஸ்ல இருக்குதுங்க பெரீப்பா. ஆபீசர் பாத்துக் கையெழுத்துப் போடோணுமாம். பேரு எழுதீட்டாங்க."

அவர் கத்துவார் என்று அவள் எதிர்பார்த்தாள். பதிலுக்குச் சொல்ல வேண்டியதையெல்லாம் பஸ்ஸிலேயே சேர்த்து வைத்திருந்தாள். மாரப்பன் கத்தவில்லை. அந்தியூர்ச் சந்தையில் மாடு பிடித்து, அறுபது வருசம் ஊரார் வீட்டு வாசலோடு நின்று பழகிய கிழவர் வேறொன்று கேட்டார்.

"எங்க வெச்சிருக்கறாங்க?"

"மேல. அலமாரில. அவங்க போசிகளோட."

கிழவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். நீட்டிய கையை மடக்கத் தெரியாமல் நின்றார். கூட்டத்தில் யாரோ, அப்போ தலைமாட்டுக்கு என்ன வைப்பது, வேறு பாத்திரம் எடுக்கட்டுமா என்று கேட்டார்கள். சின்னாத்தாள் எழுந்து முந்தானையை இழுத்துச் செருகினாள்.

"ஒண்ணும் வேண்டாம்" என்றாள். "அவரு போசி வேலைக்குப் போயிருக்குது. நீங்க தூக்குங்க."

தூக்கினார்கள். பறை முன்னால் போயிற்று. பெண்கள் லைன் வீட்டு முக்கோடு நின்றுவிட்டார்கள். மில் கேட்டைத் தாண்டிப் பாதை திரும்புகிற இடம்வரை கயல்விழிக்குத் தெரிந்தது. பாடைக்கு முன்னால் பெரியப்பா நடந்தார். போசியைப் பிடித்திருக்க வேண்டிய வலது கை, விரல்கள் கொக்கி மாதிரி மடங்கியபடியே, வீசாமல், சோறு தளும்பிவிடக் கூடாது என்பதுபோலப் போய்க்கொண்டிருந்தது.