முத்தாபுதுப்பேட்டைப் பையன்

ஏற்றிக்கொண்டு போக வேண்டிய நேரத்தில் ஜேம்ஸ் பெட்டிகளை இறக்கிக்கொண்டிருந்தான். திருமழிசை இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் காலைச் சங்கு ஊதி அரை மணிகூட ஆகவில்லை. கம்பெனியின் பபிள்கம்மைக் கடை கடையாகப் போடுகிறவன் அவன். விடிந்ததும் ட்ரைசைக்கிளை நிறைத்துக்கொண்டு போனால், பொழுது சாய்கையில் காலி வண்டியோடு விசிலடித்துக்கொண்டு திரும்புவான். அன்றைக்கு விசில் இல்லை. நேற்று முழுக்கச் சுற்றியும் ஒரு கடைக்காரரும் புது ஜாடி வாங்கவில்லை, போன வாரம் வாங்கியதையும் திருப்பித் தந்துவிட்டார்கள் என்றான். கரையான்சாவடியில் ஒருவர் மட்டும் திருப்பித் தரவில்லையாம். சாக்கடையில் கொட்டிவிட்டாராம்.

காரணம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். ஆவடிக்குப் பக்கத்தில் முத்தாபுதுப்பேட்டையில் ஒரு பையன் பபிள்கம்மை முழுங்கிவிட்டான், அது குடலில் போய் ஒட்டிக்கொண்டது, பிள்ளை செத்துப்போனான். ஆனிக் கடைசியில் கிளம்பிய பேச்சு, ஆடி பிறப்பதற்குள் ஆவடி, பட்டாபிராம், அம்பத்தூர் எல்லாம் சுற்றிப் பூந்தமல்லிக்கு வந்து சேர்ந்திருந்தது. பஸ்கூட அந்த வேகத்தில் வராது. பள்ளிக்கூடங்களில் காலைப் பிரார்த்தனையிலேயே எச்சரித்தார்கள். தாய்மார்கள் பிள்ளைகளின் வாயைப் பிதுக்கித் திறந்து விரலை விட்டுத் துழாவினார்கள். அதுவரைக்கும், இந்தத் தொண்ணூற்றி ஒன்றாம் வருஷத்தில், அந்த வட்டாரத்தில் பபிள்கம் மெல்லாத பிள்ளை உண்டா? முட்டை விடுவதில் போட்டி, உள்ளே வரும் கிரிக்கெட் படங்களுக்குச் சண்டை, மென்றதைக் கட்டில் காலில் ஒட்டிவைத்து மறுநாள் எடுத்து மெல்லும் சிக்கனம், எல்லாம் ஒரே வாரத்தில் நின்றுபோயிற்று.

முதலாளி பரந்தாமன் சும்மா இருக்கவில்லை. பெரிய டாக்டர் ஒருவரைப் பிடித்து, முழுங்கினாலும் ஒன்றும் ஆகாது, போகிற வழியில் போய்விடும் என்று சொல்லவைத்து, நோட்டீஸ் அடித்துச் சுவர்களில் ஒட்டினார். ஜனங்கள் நின்று படித்தார்கள். ஒன்றும் ஆகாதென்றால் எதற்கு நோட்டீஸ் அடிக்கிறான் என்று கேட்டுவிட்டுப் போனார்கள். மனிதர் இரண்டு நாள் சோறு இறங்காமல் கிடந்தார். எங்கோ வெளிநாட்டிலிருந்து கப்பலில் வரும் ரப்பர் மாதிரியான கட்டியை நம்பித் தொழில் நடத்துகிறவர் அவர். அடுத்த கப்பலுக்குச் சரக்கு சொல்லவில்லை. ஆடி முடிவதோடு கம்பெனியை மூடிவிடுவதென்று கணக்கப்பிள்ளையிடம் சொன்னது, அன்றைக்குச் சாயங்காலமே பபிள்கம்மைத் தாளில் சுற்றுகிற மேஜைக்கு எட்டிவிட்டது.

அந்த மேஜையின் தலைமாட்டில் உட்காருகிறவள் கன்னியம்மாள். நூம்பலில் பிறந்து நூம்பலிலேயே வாழ்க்கைப்பட்டவள். ஒரு காலத்தில் நடவுக்கு ஆள் வேண்டுமென்றால் அவளிடம் ஒரு வார்த்தை சொன்னால் போதும், பதினெட்டுப் பெண்களோடு வரப்பில் வந்து நிற்பாள். பிறகு வயலெல்லாம் கல் நட்டு மனையாயிற்று. சூளைக்கும் சித்தாள் வேலைக்கும் கும்பல் சிதறத் தொடங்கிய சமயத்தில், அவள்தான் பஸ் ஏறித் திருமழிசைக்கு வந்து பரந்தாமனுக்கு எதிரில் நின்றாள். எடுத்தால் பதினெட்டுப் பேரையும் எடு, இல்லையென்றால் ஒருத்தியும் வேண்டாம் என்றாள். அவரும் எந்த நல்ல நேரத்தில் இருந்தாரோ, சரி என்றார். நாற்று முடியைப் பிரித்து நட்ட விரல்கள், மெழுகுத்தாளில் வைத்து இரண்டு பக்கமும் முறுக்குவதைச் சீக்கிரமே பிடித்துக்கொண்டன. எசென்ஸ் வாசனை புடவையோடும் தலைமுடியோடும் ஊறிப்போய்விட்டது. நூம்பலுக்குப் பக்கத்தில் வேளப்பன்சாவடியில் ஏறினால் கண்டக்டர் கேட்காமலே திருமழிசை டிக்கெட்டைக் கிழிப்பார்.

இப்போது மேஜையில் தாள் முறுக்குகிற கைகள் நின்றுவிட்டன. கும்பலில் ஒருத்தியான தாயம்மாள், இந்த இடுப்பை வைத்துக்கொண்டு இனிமேல் கல் சுமக்க முடியுமா என்று யாரையும் பார்க்காமல் கேட்டாள். கன்னியம்மாளுக்குச் சுருக்கென்றது. இவர்களை இங்கே கூட்டிவந்தவள் அவள். ஆயிரம் சொன்னாலும் அந்தப் பொறுப்பு அவளுடையது. எழுந்து வெளியே போய் ஜேம்ஸைப் பிடித்துக்கொண்டாள்.

"அந்தப் பையன் ஊட்ட யாராச்சும் கண்ணால பாத்தீங்களா?"

இல்லை என்றான். அந்தப் பக்கம் சரக்கு போடுகிற கோவிந்தராஜும் பார்த்ததில்லை. முதலாளியும் பார்த்ததில்லை. அப்படியொரு பையனே கிடையாது என்று அவளுக்கு அந்த இடத்திலேயே பட்டுவிட்டது. ஞாயிற்றுக்கிழமை தானே போய் விசாரித்து வருவதாகச் சொன்னாள். அங்கே ஒரு நல்ல மனுஷனைப் பிடித்து, எங்கள் ஊரில் அப்படி எதுவும் நடக்கவில்லை என்று நாலு கடைக்காரர்களிடம் சொல்லவைத்தால் போதும் என்பது அவள் கணக்கு.

பஸ் மாறிப் போய் இறங்கினாள். முத்தாபுதுப்பேட்டையில் கேட்டால், இங்கே இல்லையே, மிட்டனமல்லியில்தானே என்றார்கள். மிட்டனமல்லியில், ஐயையோ, அது பட்டாபிராம் பையன் என்றார்கள். செத்தவன் மென்ற பபிள்கம்மின் நிறம் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. வயிற்றை அறுத்துப் பார்த்தபோது அது எத்தனை முழம் நீண்டு வந்தது என்பதுகூடத் தெரிந்திருந்தது. பிள்ளையின் பெயர் மட்டும் ஒருவருக்கும் தெரியவில்லை. கன்னியம்மாளுக்கு வெயிலிலும் சந்தோஷம் தாங்கவில்லை. திரும்பிப் போவதற்காக முத்தாபுதுப்பேட்டையில் பஸ்ஸுக்குக் காத்திருந்தவள், பக்கத்தில் நின்ற பூக்காரியிடம் இந்தக் கூத்தையெல்லாம் சிரித்துச் சிரித்துச் சொன்னாள். பூக்காரி சிரிக்கவில்லை. சுசீலா பையனைத்தானே கேக்குற என்று, பேக்டரி குவார்ட்டர்ஸ் இருக்கும் தெருப் பக்கம் கையைக் காட்டிவிட்டாள்.

வீட்டுக்குள் நுழைந்ததுமே சுவரில் படம் இருந்தது. யூனிபாரம் போட்டு, தலையைப் படிய வாரிவிட்ட பையன். மாலையில் பூ வாடவில்லை. தினமும் மாற்றுகிறார்கள் போலிருக்கிறது. கன்னியம்மாள் எத்தனையோ பேசத் தயாராக வந்திருந்தாள், ஒன்றும் வாயில் வரவில்லை. வீட்டு வேலைக்கு ஆள் வேண்டுமா என்று கேட்டு வைத்தாள். சுசீலா வேண்டாம் என்றாள், ஆனால் போகவும் விடவில்லை. உட்காரவைத்துக் காப்பி கொடுத்தாள். திருநெல்வேலிப் பக்கத்துக்காரி. புருஷனுக்கு டாங்கி பேக்டரியில் வேலை கிடைத்த பிறகு இங்கே வந்தவள். பேச ஆள் கிடைத்தால் போதும் என்றிருந்தது அவளுக்கு. பேச்செல்லாம் சுற்றிச் சுற்றி ஒரே இடத்துக்குத்தான் வந்தது.

"அந்தப் பாழாப்போன பபிள்கம்ம முழுங்கிட்டாம்க்கா. உள்ள போயி ஒட்டிக்கிட்டா பெத்தவ என்ன செய்ய முடியும்? பெரிய டாக்டராலயே ஒண்ணும் செய்ய முடியலன்னு எங்க வீட்டுக்காரவுக சொன்னாவ. நா என்ன செய்ய முடியும், சொல்லுங்க."

கன்னியம்மாள் தலையை ஆட்டினாள். இது உண்மையாக இருந்தால்? இத்தனை வருஷமாகத் தான் சுற்றிய லட்சத்தில் ஒன்றுதானே அது என்று நினைத்தவள், காப்பியை முடிக்காமலே டம்ளரைக் கீழே வைத்தாள். போய்வருகிறேன் என்று எழுந்தாள். அதுவரைக்கும் வாசல் பக்கம் நின்றிருந்த புருஷன் உத்தமன், பஸ் ஸ்டாப் வரைக்கும் வருகிறேன் என்று செருப்பைப் போட்டுக்கொண்டான்.

தெருமுனை திரும்பியதும் அவன் நின்றான். நீங்கள் அந்தக் கம்பெனிதானே, உங்கள் சேலை வாசனையே சொல்கிறது என்றான். அவள் ஆமாம் என்றாள். மறைத்து என்ன ஆகப்போகிறது?

"அது பபிள்கம் இல்லக்கா. குடல்வால் வெடிச்சிட்டுன்னு டாக்டர் சொன்னாரு. ஒரு நாள் முந்தி கொண்டாந்திருந்தா பொழைச்சிருப்பான்னாரு. ரெண்டு நாளா வயித்துவலின்னு அழுதவன, பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போடப் பாக்கியான்னு இவ அடிச்சு அனுப்பியிருக்கா. அத நா எப்படி அவகிட்ட சொல்ல? அவன் சட்டைப்பையில உங்க தாளு கெடந்துச்சு. பழிய அது மேல போட்டுட்டேன்."

கன்னியம்மாளுக்கு முதலில் வந்தது ஆத்திரம்தான். அதை மறைக்கவும் இல்லை.

"நீ அதும் மேல போட்டேன்ற. அது எங்க பதினெட்டுப் பேரு தலைல வுயுந்துகீது நைனா."

நீங்கள் எங்கே கூட்டிப்போய் நிறுத்தினாலும் வந்து உண்மையைச் சொல்கிறேன், ஆனால் அதற்குப் பிறகு அவள் உயிரோடு இருக்கமாட்டாள் என்றான். அதை மிரட்டலாகச் சொல்லவில்லை. அலுத்துப்போன குரலில், தெரிந்த ஒன்றைத் தெரிவிக்கிறவன்போலச் சொன்னான். பஸ் வந்தது. தேடி வந்தது கைக்கு வந்துவிட்டது, அதைக் கொண்டுபோய்க் காட்ட முடியவில்லை. பூந்தமல்லி வரும்வரை ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, அந்தப் பெண் தன் பிள்ளையின் முதுகில் அடித்த அடியைப் பற்றியே நினைத்தாள். தானும் தன் பிள்ளைகளை அப்படித்தான் அடித்து அனுப்பியிருக்கிறாள். அவளுடைய பிள்ளைகள் சாயங்காலம் திரும்பி வந்தார்கள், அவ்வளவுதான் வித்தியாசம்.

மறுநாள் முதலாளியிடம் போய் இரண்டே விஷயம் சொன்னாள். ஆவடிப் பக்கம் இனிமேல் ஒரு பெட்டியும் போகக்கூடாது. இந்தப் பக்கத்துக் கடைகளை அவள் பார்த்துக்கொள்கிறாள். பாதி வியாபாரம் ஆவடியில்தானே, பைத்தியமா உனக்கு என்று பரந்தாமன் கத்தினார். காரணம் கேட்டார். சொல்லமாட்டேன் என்றாள். இரண்டு பக்கமும் மூடுவதற்கு ஒரு பக்கமாவது திறந்திருக்கட்டுமே என்று அவள் கேட்டதும், என்னவோ செய் என்று சொல்லிவிட்டுப் போனார்.

பிறகு மேஜைக்கு வந்தாள். ஒரு பபிள்கம்மை எடுத்துத் தாளைப் பிரித்து வாயில் போட்டுக்கொண்டாள். இத்தனை காலமாக முறுக்கியவள் ஒன்றைக்கூடத் தின்றதில்லை, வேலை நேரத்தில் வாயில் போட்டால் சீட்டைக் கிழித்துவிடுவார்கள். பயமில்லாமல் முழுங்கினாள் என்று சொன்னால் அது பொய். உத்தமன் சொன்னது மனசுக்குத் தெரியும், தொண்டைக்குத் தெரியவேண்டுமே. கண்ணை மூடிக்கொண்டு, தண்ணீர் குடித்து உள்ளே தள்ளினாள். பக்கத்தில் உட்கார்ந்திருந்த ராணி ஓவென்று அழத் தொடங்கிவிட்டாள். மறுநாள் காலை கன்னியம்மாள் முழுசாக வந்து இறங்கியதைப் பார்த்த பிறகுதான் மற்றவர்களுக்குத் தைரியம் வந்தது.

அதற்குப் பிறகு அவள் விட்டுவைக்கவில்லை. வேலை முடிந்ததும் இரண்டிரண்டு பேராகக் கிளம்பினார்கள். கடைக்கு முன்னால் நின்று மென்று, முழுங்கி, வாயைத் திறந்து, நாக்கைத் தூக்கிக் காட்டினார்கள். மறுநாள் அதே கடைக்கு உயிரோடு வந்து தலையைக் காட்டினால்தான் நம்புவோம் என்றார்கள் கடைக்காரர்கள்; இவர்களும் அப்படியே போய் நின்றார்கள். கேலி பேசியவர்கள் உண்டு. பிள்ளையைக் கொன்றது போதாதா என்று குமணன்சாவடியில் ஒருத்தி மண்ணை வாரித் தூற்றினாள். கன்னியம்மாள் புடவையைத் தட்டிவிட்டுக்கொண்டு அடுத்த கடைக்கு நடந்தாள். காட்டுப்பாக்கத்தில் ஒருவர் ஒரு ஜாடி வாங்கினார். அப்புறம் பூந்தமல்லியில் இருவர் வாங்கினார்கள். மிச்சமிருந்தவர் வேளப்பன்சாவடி மொத்த வியாபாரி வீரராகவன். அவர் கடையில் ஏறிவிட்டால் அந்த ரோட்டில் உள்ள சில்லறைக் கடைகளெல்லாம் தானாக வாங்கும். கம்பெனி பிழைத்துக்கொள்ளும். அவர் ஒரே ஒரு நிபந்தனை போட்டார். ஆடி ஞாயிறு, திருவேற்காட்டு அம்மனுக்குப் போகிற கூட்டம் இங்கேதான் இறங்கும். அத்தனை பேருக்கும் எதிரில் செய்துகாட்டு என்றார்.

அவளும் பெருமையோடு ஒத்துக்கொண்டாள். அந்தக் கூட்டம் எந்தெந்த ஊரிலிருந்து வரும் என்று அவள் யோசிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை ரோடு முழுக்க மஞ்சள் புடவையும் வேப்பிலையுமாக இருந்தது. வீரராகவன் கடை வாசலில் ஸ்டூல் போட்டு அவளை ஏற்றிவிட்டார்கள். பின்னால் பதினெட்டுப் பேரும் வந்து நின்றார்கள். பரந்தாமன்கூட ஸ்கூட்டரை ஓரமாக நிறுத்திவிட்டுக் கையைப் பிசைந்துகொண்டிருந்தார். கன்னியம்மாள் தாளைப் பிரித்து எல்லோருக்கும் காட்டி, வாயில் போட்டு மெல்லத் தொடங்கினாள். கூட்டம் நெருங்கி வந்தது. அவளுக்கு அன்றைக்குக் கொஞ்சமும் பயமில்லை. ஜெயித்துவிட்டோம் என்றே நினைத்தாள். தண்ணீர்ச் செம்புக்காகக் கையை நீட்டியபோதுதான், ஆட்களை விலக்கிக்கொண்டு ஒருத்தி வருவதைப் பார்த்தாள். ஈரப்புடவை, கையில் வேப்பிலை. அவளுக்குப் பின்னால், கூட்டத்தின் விளிம்பில், தேங்காய்ப் பையோடு உத்தமன். அவன் முகத்தை அவளால் பார்க்க முடியவில்லை.

சுசீலா ஸ்டூலுக்குப் பக்கத்தில் வந்துவிட்டாள். வீட்டில் வந்து காப்பி குடித்துப்போனவளை அடையாளம் தெரிந்துவிட்டது அவளுக்கு. மூச்சு வாங்கியது. கூட்டத்தையோ கடைக்காரரையோ அவள் பார்க்கவில்லை.

"அக்கா, முழுங்கிராதீங்க. எம்புள்ள போனது போதும். துப்பிருங்க, இதுல துப்பிருங்க."

வேப்பிலையைக் கீழே போட்டுவிட்டு, எக்கி, கையைக் குவித்துக் கன்னியம்மாளின் மோவாய்க்குக் கீழே நீட்டினாள். தாயம்மாள் பின்னாலிருந்து கன்னியம்மாளின் புடவையைப் பிடித்து லேசாக இழுத்தாள். கன்னியம்மாள் தண்ணீர்ச் செம்பை வாங்கவும் இல்லை, தள்ளவும் இல்லை. இனிப்பெல்லாம் எப்போதோ கரைந்துபோயிருந்தது. வெறும் கட்டியை இந்தக் கடைவாய்க்கும் அந்தக் கடைவாய்க்குமாக மென்றுகொண்டே இருந்தாள். கீழே சுசீலாவின் உள்ளங்கை மஞ்சள் அப்பி, குவிந்தபடியே நின்றது.