ஷாம்ஷியா கழற்றிய தலைக்கயிறு

1
இந்தக் கதை எனக்கு ஒரு கல்யாணப் பந்தியில் கிடைத்தது. சொன்னவர் புளித்த குதிரைப்பாலைக் கிண்ணம் கிண்ணமாக உள்ளே தள்ளியிருந்தார். எனவே பாதி அவருடையது, பாதி பாலுடையது. மிச்சம் என் கைச்சரக்கு.

2
தொடக்கம் ஒன்று: ‘கசாக்கியப் புல்வெளியில் கதிரவன் மெல்ல…’ (வேண்டாம். ஷாம்ஷியா அதற்கு முன்பே எழுந்து சாணி அள்ளிக்கொண்டிருப்பாள்.)

தொடக்கம் இரண்டு: அரசாங்கப் பண்ணையில் குதிரை வளர்த்தவள் ஷாம்ஷியா. தடை தாண்டும் போட்டியில் எங்கள் பக்கத்திலிருந்து குதிரையேறிய முதல் பெண். தோரி என்ற செம்பழுப்புப் பெண்குதிரையைப் பிறந்த நாளிலிருந்து வளர்த்துத் தாவப் பழக்கியவளும் அவளே. அந்தக் கோடையில் இருவரும் தலைநகர் அல்மா-அத்தாவில் நடக்கும் போட்டிக்குப் போவதாக இருந்தது. பண்ணைத் தலைவர் ஒராஸ்பேக்கோ தோரியை நகரத்து ஆண்கள் அணிக்குத் தூக்கிக் கொடுத்துவிட்டார்.

“போகட்டும் விடு தங்கச்சி. நீ இன்னொண்ண வளத்துக்கோ.”

“உங்க நாற்காலியக் குடுத்துட்டு இன்னொண்ணு செஞ்சுக்குவீங்களாண்ணே?”

3
இங்கே அவளை அழவைக்கலாமா என்று பார்த்தேன். ‘அவள் கண்களில் முத்து முத்தாக’ — சீ. அவள் அழுதாளா, தெரியாது. எழுதும்போது எனக்குத்தான் பேனா முள் ஒடிந்தது.

4
குதிரை கைமாறும்போது, அதன் தலையில் மாட்டியிருக்கும் கயிற்றைக் கொடுப்பவர் கழற்றி வைத்துக்கொள்வார்; அது எங்கள் வழக்கம். கயிறும் கூடப் போனால் அதிர்ஷ்டமும் போய்விடும். இதையெல்லாம் மூடநம்பிக்கை என்று மேடையில் வெளுத்து வாங்குகிற ஒராஸ்பேக், பட்டிக்குள் வந்ததும் அவள் காதோரம் குனிந்தார்.

“கயித்தக் கழட்டிக்கோம்மா. அதுவும் போனா பண்ணைக்கு ஆகாது.”

வாங்குபவன் தன் கயிற்றோடு நிற்க வேண்டும். குதிரையை ஓட்டிப்போக வந்த எர்தென் நகரத்து வீரன். கயிற்றை வண்டியிலேயே விட்டிருந்தான். அவள் கழற்றினாள்.

“பிடிடா! பிடி!”

“எதப் பிடிக்கறது தலைவரே, காதையா?”

தோரி நாலு எட்டு வைத்து, ஆள் உயர வேலியைத் தாண்டி மலைப்பக்கம் போய்விட்டது. (ஷாம்ஷியா தட்டிவிட்டாளா? தட்டினாள் என்று பந்திக்காரர் சத்தியம் செய்தார். அவரும் அங்கே இல்லை.)

“முன்னங்கால் கொஞ்சம் தாழ்ந்துருச்சு” என்றாள் ஷாம்ஷியா. “இன்னும் பழக்கணும்.”

5
எர்தென் மலையேறி, முட்கீறலோடு வெறுங்கையாகத் திரும்பினான். அவள் குரலுக்குத் தவிர தோரி வேறு யார் குரலுக்கும் வராது.

“கூப்பிடும்மா” என்றார் ஒராஸ்பேக்.

“கூப்பிடறேன். அல்மா-அத்தாவுல அது மேல யாரு ஏறுறதுன்னு மொதல்ல சொல்லுங்க.”

முடிவு அ: அவர் இறங்கிவந்து — (அடித்துவிட்டேன். என் ஆசை அது.)

முடிவு ஆ: அவர் பல்லைக் கடித்துக்கொண்டு — (இதையும்தான். இது என் பயம்.)

அவர் வாயைத் திறந்தபடி நிற்கிறார். வாசகரே, கொஞ்சம் அவரை நகர்த்திவிட்டு அந்த இடத்தில் நீங்கள் நில்லுங்கள். குதிரை மலையில் இருக்கிறது. அவள் உங்களையே பார்க்கிறாள். சொல்லுங்கள்.